39 வருஷம் ஓடிய பட்டம்... ஒரே அறிவிப்பில் முடிந்தது! டபிள்யூ.டபிள்யூ.இ-யின் பழைய 'உலக டேக் டீம் சாம்பியன்ஷிப்' என்ன ஆனது?

டபிள்யூ.டபிள்யூ.இ-யின் 'ரா' நிகழ்ச்சியை இப்போது பார்த்தால், 'உலக டேக் டீம் சாம்பியன்ஷிப்' என்ற பட்டத்துக்காக இரண்டு இரண்டு பேராக மோதுவதைப் பார்க்கலாம். 2000-களில் கேபிள் டிவியில் ரெஸ்லிங் பார்த்து வளர்ந்தவர்களுக்கு, 'அட, எட்ஜும் கிறிஸ்டியனும், ஹார்டி பிரதர்ஸும் வச்சிருந்த அதே பட்டம்தானே இது!' என்று தோன்றும்.

பெயர் அதேதான். ஆனால் பட்டம் அது இல்லை.

அந்தப் பழைய பட்டம் 1971-ல் தொடங்கி 2010-ல் முடிந்துபோனது. அதன் கடைசி சாம்பியன்கள் யாரிடமும் தோற்கவில்லை. எந்த மோதலும் நடக்காமல், ஒரு அறிவிப்போடு 39 வருஷக் கணக்கு மூடப்பட்டது. அதைவிட 31 வருஷம் இளைய பட்டம் ஒன்று பிழைத்துக்கொண்டது. இது எப்படி நடந்தது? விரிவாகப் பார்க்கலாம்.

டேக் டீம் என்றால் என்ன?

முதலில் விதியைப் பார்த்துவிடுவோம். ஓர் அணியில் இரண்டு பேர். ஒரு நேரத்தில் ஒருவர்தான் ரிங்குக்குள் மோத முடியும். இன்னொருவர் தன் மூலையில், கயிற்றுக்கு வெளியே காத்திருக்க வேண்டும். உள்ளே இருப்பவர் வந்து கையைத் தொட்டால்தான் அவர் உள்ளே வரலாம். அந்தத் தொடுதலுக்குப் பெயர்தான் 'டேக்'.

கேட்க சாதாரணமாக இருக்கும். ஆனால் சுவாரஸ்யமே இங்கேதான். ஒருவர் பத்து நிமிஷமாக அடி வாங்கிக்கொண்டே இருப்பார். தவழ்ந்து தவழ்ந்து தன் மூலைக்கு வருவார். கை தொடும் தூரத்தில் எதிரணி காலைப் பிடித்து இழுத்துவிடும். கடைசியில் தொட்டதும் அரங்கமே எழுந்து நிற்கும். இதை நன்றாகச் செய்ய இரண்டு பேருக்கும் நல்ல புரிதல் வேண்டும். வருஷக்கணக்கில் ஒன்றாக ஆடிய அணிகளுக்குத்தான் அது அமையும்.

'எல்லாமே முன்கூட்டியே முடிவு பண்ற ஆட்டம்தானே, அதுல பட்டத்துக்கு என்ன மதிப்பு?' என்று கேட்கலாம். நியாயமான கேள்வி. ரெஸ்லிங்கில் யார் ஜெயிப்பது என்பது முன்பே முடிவாகிவிடும் என்பது உண்மைதான். ஆனால் பட்டம் யாருக்கு என்பதில், எந்த அணியை நம்பி நிறுவனம் நிகழ்ச்சி நடத்துகிறது என்பது தெரியும். ஒருவருக்குப் பின் ஒருவர் என்று நீளும் சாம்பியன்கள் வரிசைதான் அந்தப் பட்டத்தின் உண்மையான சொத்து. பெல்ட்டை எப்போது வேண்டுமானாலும் புதிதாகச் செய்துகொள்ளலாம். வரிசையை அப்படிச் செய்ய முடியாது.

1971: எப்படித் தொடங்கியது?

இன்றைய டபிள்யூ.டபிள்யூ.இ 1963-ல் 'வேர்ல்ட் வைட் ரெஸ்லிங் ஃபெடரேஷன்' என்ற பெயரில் தனி நிறுவனமாக வந்தது. 1979-ல் 'வேர்ல்ட் ரெஸ்லிங் ஃபெடரேஷன்' ஆனது. 2002-ல்தான் இப்போதைய பெயர்.

ஆரம்பத்தில் 'யு.எஸ். டேக் டீம்' என்ற பட்டம் 1967 வரை இருந்தது. 1969-ல் 'இன்டர்நேஷனல் டேக் டீம்' என்ற பட்டம் வந்தது. இரண்டுமே நீண்ட நாள் நிலைக்கவில்லை. நிலைத்து நின்றது மூன்றாவதாக வந்த உலக டேக் டீம் பட்டம்தான். நிறுவனத்தின் பதிவேட்டின்படி, 1971 ஜூன் 3-ல் நியூ ஆர்லியன்ஸ் நகரில் லூக் கிரஹாம் - டார்சன் டைலர் ஜோடி இதன் முதல் சாம்பியன்கள் ஆனார்கள்.

அப்பா ஜெயித்தார்... பிள்ளையும் ஜெயித்தார்

இந்தப் பட்டத்தின் வரிசையைப் படித்தால் ஒரு விஷயம் சட்டென்று கண்ணில் படும். அதே குடும்பங்கள் திரும்பத் திரும்ப வரும்.

1983-ல் டோனி அட்லஸ் - ராக்கி ஜான்சன் ஜோடி இந்தப் பட்டத்தை வென்றது. இந்தப் பட்டத்தைப் பிடித்த முதல் கறுப்பின ஜோடி இவர்கள்தான். அவர்களிடம் தோற்றவர்கள் சமோவா வம்சத்தைச் சேர்ந்த அஃபா - சிகா சகோதரர்கள். மூன்று முறை சாம்பியனான அணி அது.

ராக்கி ஜான்சனின் மகன் யார் தெரியுமா? நம்ம 'தி ராக்' டுவெய்ன் ஜான்சன். அவரும் இதே பட்டத்தை 5 முறை வென்றார். மேன்கைண்டுடன் 3 முறை, அண்டர்டேக்கருடன் ஒரு முறை, கிறிஸ் ஜெரிக்கோவுடன் ஒரு முறை.

தோற்ற சமோவா குடும்பத்தின் கதையும் நீள்கிறது. அஃபாவின் மகன் சாமு, உறவினர் ஃபாட்டுவோடு சேர்ந்து 1994-ல் வென்றார். சிகாவின் மகன் ரோஸி, ஹரிகேனுடன் சேர்ந்து 2005-ல் வென்றார். சிகாவின் இன்னொரு மகன்தான் ரோமன் ரெயின்ஸ். ஆனால் அவர் டபிள்யூ.டபிள்யூ.இ-யின் முக்கிய நிகழ்ச்சிக்கு வந்தது 2012-ல். அப்பாவும் அண்ணனும் வென்ற இந்தப் பட்டம் அதற்குள் மூடப்பட்டுவிட்டது. 2013-ல் அவர் வென்றது அந்த இளைய பட்டத்தை.

478 நாள்: டெமாலிஷன் சாதனை

இந்தப் பட்டத்தின் பொற்காலம் 1980-கள். 1985 மார்ச் 31-ல் நடந்த முதல் ரெஸில்மேனியாவிலேயே இதற்காக மோதல் நடந்தது. அயர்ன் ஷேக் - நிகோலாய் வோல்காஃப் ஜோடி சாம்பியன் ஆனது.

1988 மார்ச் 27-ல் நான்காவது ரெஸில்மேனியா. முகத்தில் சாயமும் உடம்பில் தோல் பட்டைகளுமாக வந்த ஆக்ஸ் - ஸ்மாஷ் ஜோடி பட்டத்தைப் பிடித்தது. அணியின் பெயர் 'டெமாலிஷன்'. அடுத்த 478 நாள்கள் அதை விடவே இல்லை. 1989 ஜூலை 18-ல்தான் ஆர்ன் ஆண்டர்சன் - டல்லி பிளான்சார்ட் ஜோடியிடம் தோற்றார்கள். இந்தப் பட்டத்தின் 39 வருஷ வரலாற்றில் இதைவிட நீண்ட ஆட்சி வேறு எதுவும் இல்லை.

எழுந்து நிற்க முடியாத சாம்பியன்

முடிவு முன்பே தெரிந்த ஆட்டம் என்றாலும், அடி நிஜம். அதற்கு 1987-ல் நடந்த ஒரு சம்பவமே சாட்சி.

1986 ஏப்ரலில் இரண்டாவது ரெஸில்மேனியாவில் 'பிரிட்டிஷ் புல்டாக்ஸ்' என்ற அணி பட்டம் வென்றது. டைனமைட் கிட், டேவி பாய் ஸ்மித் என்ற இரண்டு இங்கிலாந்துக்காரர்கள். அதே வருஷம் டிசம்பரில், ஒரு மோதலின்போது டைனமைட் கிட்டுக்கு முதுகெலும்பில் பலத்த காயம். அறுவை சிகிச்சை செய்யவேண்டியதாகிவிட்டது.

ஆனால் சாம்பியன் ரிங்குக்கு வந்து தோற்றால்தான் பட்டம் கைமாறும். 1987 ஜனவரி 26-ல் அவர் வந்தார். சரியாக நடக்கக்கூட முடியவில்லை, டேவி பாயின் துணையோடுதான் வந்தார். ஆட்டம் தொடங்கியதுமே எதிரணி மேனேஜரின் அடி வாங்கி விழுவதுபோல் காட்சி அமைக்கப்பட்டது. மீதி ஆட்டம் முழுக்க அவர் ரிங்குக்கு வெளியே கிடந்தார். டேவி பாய் தனியாளாக ஆடித் தோற்றார். வென்றவர்கள் பிரெட் ஹார்ட் - ஜிம் நைட்ஹார்ட் ஜோடியான 'ஹார்ட் ஃபவுண்டேஷன்'.

டைனமைட் கிட் தன் பிற்காலத்தைச் சக்கர நாற்காலியில் கழித்தார். 2018-ல், தனது 60-வது பிறந்தநாளில் இறந்துபோனார். டேவி பாய் ஸ்மித் 2002-லேயே, 39 வயதில் இறந்துவிட்டார். இந்த இரண்டு பெயர்களையும் நினைவில் வைத்துக்கொள்ளுங்கள். கதையின் கடைசியில் ஒருவர் பெயர் திரும்ப வரும்.

ஜெயித்தும் பதிவேட்டில் இல்லை!

1990 அக்டோபர் 30. இண்டியானா மாநிலம் ஃபோர்ட் வெய்ன் நகரில் டிவிக்கான பதிவு. சாம்பியன்களான ஹார்ட் ஃபவுண்டேஷனை எதிர்த்து 'ராக்கர்ஸ்' அணி. ஷான் மைக்கேல்ஸ் - மார்ட்டி ஜனெட்டி. அரங்கில் இருந்த ரசிகர்கள் முன்னால் ராக்கர்ஸ் ஜெயித்தார்கள். பெல்ட்டும் கைக்கு வந்தது.

ஆனால் ஆட்டத்தின் நடுவே ரிங்கின் மேல் கயிறு அறுந்து விழுந்திருந்தது. பதிவு சொதப்பல். அதோடு, நிறுவனத்தைவிட்டு விலகுவார் என்று எதிர்பார்க்கப்பட்ட நைட்ஹார்ட், தொடர்வதற்குச் சம்மதித்துவிட்டார். விளைவு? அந்த ஆட்டம் டிவியில் வரவே இல்லை. பட்டம் சத்தமில்லாமல் ஹார்ட் ஃபவுண்டேஷனிடமே திரும்பியது. ராக்கர்ஸ் பெயர் சாம்பியன்கள் பட்டியலில் சேர்க்கப்படவில்லை.

ஷான் மைக்கேல்ஸ் பின்னாளில் டீசல், ஸ்டீவ் ஆஸ்டின், ஜான் சீனா, ட்ரிபிள் எச் என நான்கு பேரோடு இந்தப் பட்டத்தை வென்றுவிட்டார். மார்ட்டி ஜனெட்டியும் 1994-ல் வென்றார். ஆனால் 1990-ல் கைக்கு வந்த அந்த வெற்றி அவருக்குக் கணக்கில் ஏறவே இல்லை. ரெஸ்லிங் பட்டத்தில் ரிங்குக்குள் நடப்பது பாதிதான். நிறுவனம் எதைப் பதிவேட்டில் எழுதுகிறது என்பதுதான் மீதி. 2010-ல் நடந்ததைப் புரிந்துகொள்ள இது முக்கியம்.

ஏணி, மேஜை, நாற்காலி

நம்மூர் ரசிகர்களுக்கு நன்றாகத் தெரிந்த கட்டம் இதுதான். எட்ஜ் - கிறிஸ்டியன், மேட் - ஜெஃப் ஹார்டி, பப்பா ரே - டி-வான் டட்லி. மூன்று அணிகள், ஆறு பேர்.

2000 ஏப்ரல் 2-ல் ரெஸில்மேனியாவில் மூன்று அணிகளும் மோதின. பெல்ட்டுகள் ரிங்குக்கு மேலே தொங்கின. ஏணியில் ஏறி யார் முதலில் எடுக்கிறாரோ அந்த அணிக்குப் பட்டம். எட்ஜ் - கிறிஸ்டியன் ஜெயித்தார்கள். அதே வருஷம் ஆகஸ்ட் 27-ல் சம்மர்ஸ்லாமில் இது இன்னும் பெரிதானது. மேஜை, ஏணி, நாற்காலி எல்லாவற்றுக்கும் அனுமதி. இதுதான் முதல் 'டி.எல்.சி' மோதல். 2001 ஏப்ரல் 1-ல் ஹூஸ்டனில் நடந்த ரெஸில்மேனியாவில் இரண்டாவது. மேலே தொங்கிய ஜெஃப் ஹார்டியை, ஏணி உச்சியில் இருந்து பாய்ந்த எட்ஜ் காற்றிலேயே 'ஸ்பியர்' அடித்து விழவைத்த காட்சி இன்றும் வீடியோவாகச் சுற்றிக்கொண்டிருக்கிறது. மூன்றிலும் வென்றது எட்ஜ் - கிறிஸ்டியன்தான்.

அதே 2001-ல் போட்டி நிறுவனமான டபிள்யூ.சி.டபிள்யூ-வை வின்ஸ் மெக்மேனின் நிறுவனம் வாங்கியது. அந்த நிறுவனத்தின் டேக் டீம் பட்டம், நவம்பரில் சர்வைவர் சீரிஸில் இதனோடு இணைக்கப்பட்டு மூடப்பட்டது. எதிரியின் பட்டத்தை விழுங்கும் அளவுக்கு இது பலமாக நின்ற நேரம் அது. அடுத்த வருஷமே வந்தது சிக்கல்.

2002: ஒன்று இரண்டானது

போட்டி நிறுவனத்தை வாங்கியதும் வீரர்கள் எண்ணிக்கை கூடிப்போனது. அதனால் 2002-ல் நிறுவனம் தன்னையே இரண்டாகப் பிரித்துக்கொண்டது. ரா ஒரு பக்கம், ஸ்மாக்டவுன் ஒரு பக்கம். தனித்தனி வீரர்கள், தனித்தனி நிகழ்ச்சி.

பழைய டேக் டீம் பட்டம் ராவுக்குப் போனது. அப்போ ஸ்மாக்டவுனுக்கு? புதிதாக ஒன்றை உருவாக்கினார்கள். 'டபிள்யூ.டபிள்யூ.இ டேக் டீம் சாம்பியன்ஷிப்'. 2002 அக்டோபர் 20-ல் கர்ட் ஆங்கிள் - கிறிஸ் பென்வா ஜோடி அதன் முதல் சாம்பியன்கள்.

இதன் விளைவு எளிய கணக்கு. இருந்த அணிகள் இரண்டு பக்கமும் பிரிந்தன. ஒவ்வொரு பக்கமும் அணிகள் குறைந்தன. தனி நட்சத்திரங்களைத் தற்காலிக ஜோடியாகச் சேர்த்துப் பட்டம் கொடுப்பது அதிகமானது.

2007 ஒரு நல்ல உதாரணம். ஜனவரி 29-ல் ஜான் சீனாவும் ஷான் மைக்கேல்ஸும் சேர்ந்து டேக் டீம் சாம்பியன் ஆனார்கள். ஏப்ரல் 1-ல் ரெஸில்மேனியாவின் முக்கிய ஆட்டத்தில் இந்த இரண்டு பேரே எதிரெதிராக மோதினார்கள். மறுநாள் இரவு மைக்கேல்ஸ் தன் ஜோடியான சீனாவையே ரிங்குக்கு வெளியே தூக்கிப் போட, பட்டம் ஹார்டி பிரதர்ஸுக்குப் போனது. கதை விறுவிறுப்புதான். ஆனால் டேக் டீம் பட்டம் அங்கே வேறொரு பகைக்கான ஊறுகாயாக மாறிவிட்டிருந்தது.

டிவியில் காட்டாத இணைப்பு

பட்டங்களைத் திரும்ப ஒன்றாக்க முடிவு செய்தார்கள். 2009 ஏப்ரல் 5, ஹூஸ்டன், 25-வது ரெஸில்மேனியா. ராவின் சாம்பியன்கள் மிஸ் - ஜான் மாரிசன். ஸ்மாக்டவுனின் சாம்பியன்கள் கார்லிட்டோ - ப்ரீமோ சகோதரர்கள். இரண்டு பட்டமும் ஒரே மோதலில்.

38 வருஷ வரலாறு கொண்ட பட்டத்தின் மிக முக்கியமான ஆட்டம். ஆனால் நேரலை தொடங்கும் முன்பே அது நடந்து முடிந்தது. அரங்கில் இருந்தவர்கள் மட்டும் பார்த்தார்கள், வீட்டில் காசு கட்டிப் பார்த்தவர்களுக்குக் காட்டப்படவே இல்லை. கார்லிட்டோ - ப்ரீமோ ஜெயித்தார்கள்.

இணைந்த பிறகும் இரண்டு பட்டங்களும் தனித்தனிக் கணக்காகவே தொடர்ந்தன. அதனால் சாம்பியன்கள் ஆளுக்கு இரண்டு என்று நான்கு பெல்ட்டுகளைச் சுமந்தார்கள். எட்ஜ் - ஜெரிக்கோ, எட்ஜுக்குக் காயம் ஏற்பட்டதும் அவருக்குப் பதில் பிக் ஷோ, பிறகு ட்ரிபிள் எச் - ஷான் மைக்கேல்ஸ், பிறகு மிஸ் - பிக் ஷோ. நான்கு ஜோடிகளிலும் பெரிய தனி நட்சத்திரங்கள்தான்.

2010 ஆகஸ்ட் 16: கடைசி நாள்

2010 ஏப்ரல் 26-ல் 'ஹார்ட் டைனஸ்டி' அணி வென்றது. டைசன் கிட், டேவிட் ஹார்ட் ஸ்மித். இந்த டேவிட் வேறு யாருமில்லை, முதுகு உடைந்த ஜோடிக்காகத் தனியாக ஆடித் தோற்ற டேவி பாய் ஸ்மித்தின் மகன். தாய்வழியில் பிரெட் ஹார்ட்டின் மருமகன்.

ஆகஸ்ட் 16-ல் ரா நிகழ்ச்சியில் அறிவிப்பு வந்தது. இனி ஒரே பட்டம், ஒரே ஜோடி பெல்ட்டுகள். செம்பு நிறத்தில் புதிய பெல்ட்டுகளை ஹார்ட் டைனஸ்டிக்குக் கொடுத்தவர் பிரெட் ஹார்ட். 1987-ல் டேவி பாயிடமிருந்து இந்தப் பட்டத்தை வென்ற அதே பிரெட். டேவி பாயின் மகன் கையில் அதன் கணக்கு முடிந்தது.

எந்தப் பட்டத்தின் வரலாறு தொடரும்? இங்கேதான் திருப்பம். 1971-ல் தொடங்கியது மூடப்பட்டது. 2002-ல் தொடங்கியது தொடர்ந்தது. ஒரு வகையில் இணைப்பு மோதலின் முடிவும் அதுதான்: வென்ற கார்லிட்டோவும் ப்ரீமோவும் இளைய பட்டத்தோடுதான் வந்திருந்தார்கள். அந்தப் பட்டத்தின் பெயரில் நிறுவனத்தின் பெயரும் இருந்தது. இணைந்த பட்டத்தை அழைத்ததும் அந்தப் பெயரில்தான்.

மூடினால் என்ன? யாருக்கு நஷ்டம்?

2016 டிசம்பரில் இதற்கு விடை தெரிந்தது. 'நியூ டே' அணி 483 நாள்கள் சாம்பியனாக இருந்து, டெமாலிஷனின் 478 நாளைத் தாண்டியது. டபிள்யூ.டபிள்யூ.இ-யே இதைப் பெரிய சாதனையாகக் கொண்டாடியது. ஆனால் நியூ டே வைத்திருந்தது 2002-ல் தொடங்கிய பட்டம். டெமாலிஷன் வைத்திருந்தது 1971-ல் தொடங்கியது. அதாவது, மூடிய கணக்கில் இருந்து ஒரு சாதனையை எடுத்து, வேறு கணக்கோடு ஒப்பிட்டார்கள். கொண்டாட்டத்துக்கு இரண்டும் ஒன்று, பதிவேட்டில் இரண்டும் வேறு. பட்டத்தின் வரிசை அறுந்தால் வரும் குழப்பம் இதுதான்.

இப்போது இருப்பது எது?

2016-ல் நிறுவனம் மறுபடி ரா, ஸ்மாக்டவுன் என்று பிரிந்தது. 2002-ன் பட்டம் 'ரா டேக் டீம்' ஆனது. ஸ்மாக்டவுனுக்கு இன்னொரு புதுப் பட்டம் வந்தது. 2024 ஏப்ரலில் இரண்டுக்கும் பெயர் மாற்றினார்கள். ராவின் பட்டம் 'உலக டேக் டீம் சாம்பியன்ஷிப்' ஆனது. ஸ்மாக்டவுனின் பட்டம் 'டபிள்யூ.டபிள்யூ.இ டேக் டீம் சாம்பியன்ஷிப்' ஆனது.

ஆக, மூத்த பட்டத்தின் பெயர் இளையதுக்குப் போனது. இளையதின் பெயர் அதற்கும் இளையதுக்குப் போனது. தலை சுற்றுகிறதா? சுருக்கமாக இப்படி வைத்துக்கொள்ளலாம்: பெயரைப் பார்க்காதீர்கள், தொடங்கிய வருஷத்தைப் பாருங்கள். 1971, 2002, 2016. மூன்றும் மூன்று பட்டங்கள்.

ஒரு பார்வையில் பழைய பட்டம்

தொடக்கம்: 1971 ஜூன் 3
முடிவு: 2010 ஆகஸ்ட் 16
முதல் சாம்பியன்கள்: லூக் கிரஹாம் - டார்சன் டைலர்
கடைசி சாம்பியன்கள்: டைசன் கிட் - டேவிட் ஹார்ட் ஸ்மித்
நீண்ட ஆட்சி: டெமாலிஷன், 478 நாள்
அதிக முறை வென்ற அணி: டட்லி பாய்ஸ், 8 முறை
அதிக முறை வென்ற வீரர்: எட்ஜ், 12 முறை

எட்ஜின் 12-ல் கிறிஸ்டியனோடு 7, பென்வாவோடு 2, ஹல்க் ஹோகன், ராண்டி ஆர்டன், ஜெரிக்கோ ஆகியோரோடு தலா ஒன்று. டட்லி பாய்ஸின் 8-ஐயும் எட்ஜின் 12-ஐயும் இனி யாராலும் முறியடிக்க முடியாது. பட்டியலில் அடுத்த பெயர் எழுத இடமே இல்லை.